எரியும்போது மட்டும் ஓடிய மணிக்கூடு

எங்கள் வீட்டு நிலவறையில் ஒரு மணிக்கூடு இருந்தது. வீட்டைச் சூடாக்கும் ஃபர்னஸ் எரியும்போது மட்டும் அது ஓடும். ஃபர்னஸ் அணைந்ததும் அதுவும் நின்றுவிடும். நட்ட நடுப்பகலில் அது எட்டரை காட்டும். நான் படுக்கப் போகும்போது பத்தேகால் ஆகியிருக்கும். யாராவது பார்த்தால், பழுதாய்ப்போன மணிக்கூட்டை இந்த மனிதர் ஏன் ஆணியடித்து மாட்டி வைத்திருக்கிறார் என்றுதான் நினைப்பார்கள். ஆனால் வீட்டில் இருந்த மணிக்கூடுகளில் அப்பா முழுதாக நம்பியது அதை ஒன்றைத்தான்.

மொன்றியலில் பார்க் எக்ஸ்ரென்ஷன் பகுதியில், ஒரு பழைய மாடிவீட்டின் கீழ்த்தளத்தில் நாங்கள் வாடகைக்கு இருந்தோம். அப்பா, அம்மா, நான். மேல்தளத்தில் வீட்டுக்காரி, தனியாக வாழ்ந்த ஒரு கிரேக்கப் பெண்மணி. இப்போது இந்த நகரத்தில் அநேகமான வீடுகளுக்கு மின்சாரச் சூடுதான். சுவரோரமாக ஒரு நீட்டுப் பெட்டி, சத்தமில்லை, மணமில்லை. அன்று எங்கள் வீட்டுக்குச் சூடு எண்ணெயில் வந்தது. நிலவறையின் மூலையில் ஒரு மாட்டளவு இரும்பு எண்ணெய்த் தாங்கி நாலு காலில் நின்றது. அதிலிருந்து ஒரு மெல்லிய குழாய் ஃபர்னஸுக்குப் போகும். குளிர்காலத்தில் எண்ணெய் வண்டி வந்து, வெளிச்சுவரில் இருந்த குழாய் வாயில் தன் நீளக் குழாயை மாட்டித் தாங்கியை நிரப்பிவிட்டுப் போகும்.

தாங்கிக்குள் எவ்வளவு எண்ணெய் மிச்சம் என்று காட்ட அதன் தலையில் ஒரு கண்ணாடிக் குடுவையும் அதற்குள் ஒரு சிவப்பு முள்ளும் இருந்தன. அந்த முள் ஒரு விசித்திரமான பிறவி. நாங்கள் குடிவந்த அன்று பாதி என்றது. வண்டி வந்து நிரப்பிய பிறகும் பாதி என்றது. முதல் குளிர்காலத்தில் பெப்ரவரி மாதம் ஒருநாள் எண்ணெய் சொட்டும் இல்லாமல் தீர்ந்து ஃபர்னஸ் நின்றபோதும் அது அசையாமல் பாதி என்றே சொல்லிக்கொண்டிருந்தது. அப்பா அப்போது டோர்வல் விமான நிலையத்தில் பெட்டிகள் ஏற்றிக்கொண்டிருந்தார். அவரைத் தொலைபேசியில் பிடிக்க முடியவில்லை. அம்மாவும் நானும் கோட்டும் சப்பாத்தும் போட்டபடி ஒரே போர்வைக்குள் இருந்தோம். அம்மாவின் பற்கள் அடித்துக்கொள்ளும் சத்தம் கேட்டு நான் சிரித்தேன், அம்மா சிரிக்கவில்லை.

அப்பா வேலை முடிந்து வந்து, நேரே நிலவறைக்கு இறங்கி, அந்த முள்ளை வாய்க்கு வந்தபடி ஏசினார். மேலே வந்து அம்மாவிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. முள்ளோடு அவருக்கு வந்த கோபம் கொஞ்ச நாளில் தீர்ந்துபோயிற்று. அம்மாவுக்கு வந்தது தீரவில்லை என்று இப்போது நினைக்கிறேன்.

அந்தக் கோடையில் அப்பா தன் மணிக்கூட்டைக் கண்டெடுத்தார். ஜூலை முதலாந் திகதி மொன்றியலில் பாதிச் சனம் வீடு மாறும். போகிறவர்கள் வேண்டாத சாமான்களைத் தெருவோரம் வைத்துவிட்டுப் போவார்கள். பச்சை நிறத்தில், வயரோடு, செருகினால் ஓடுகிற ஒரு பழைய குசினி மணிக்கூட்டை அப்பா குழந்தையைத் தூக்குவதுபோல் மார்பில் அணைத்துக்கொண்டு வந்தார். அம்மா அதைப் பார்த்துவிட்டு உள்ளே போனார்.

ஃபர்னஸைத் துப்புரவாக்க வருகிற மெக்கானிக் ஒருநாள் பேச்சுவாக்கில் அப்பாவிடம் ஒரு விஷயம் சொல்லியிருந்தான். இந்த ஃபர்னஸில் நெருப்பு எரியும் ஒவ்வொரு மணித்தியாலத்துக்கும் மூன்று லீற்றர் எண்ணெய் போகும். கூடவும் போகாது, குறையவும் போகாது. ஆகவே நெருப்பு எத்தனை மணித்தியாலம் எரிந்தது என்று தெரிந்தால் எவ்வளவு எண்ணெய் போனது என்று தெரிந்துவிடும். ஊரில் ரேடியோ திருத்திப் பழகிய அப்பா, மணிக்கூட்டின் வயரை ஃபர்னஸின் மோட்டர் வயரோடு சேர்த்துக் கட்டினார். மோட்டர் ஓடினால் மணிக்கூடும் ஓடும். அவ்வளவுதான் சூட்சுமம்.

என்னைக் கீழே கூட்டிப்போய்க் கணக்கை விளக்கினார். சின்ன முள் ஒருமுறை முழுதாகச் சுற்றினால் பன்னிரண்டு மணித்தியாலம். பன்னிரண்டை மூன்றால் பெருக்கினால் முப்பத்தாறு லீற்றர். ஒவ்வொரு சுற்றுக்கும் தாங்கியின் வயிற்றில் சோக்கால் ஒரு கோடு. இருபத்தைந்து கோடு வந்தால் தாங்கி காலி. எனக்குப் பெருக்கல் வாய்ப்பாடு பிரெஞ்சில்தான் வரும். பள்ளிக்கூடத்தில் அப்படித்தான் பாடமாக்கியிருந்தேன். நான் பிரெஞ்சில் முணுமுணுத்துத் தமிழில் விடை சொன்னேன். அப்பா என் தலையில் கைவைத்து, "இனி நீதான் இந்த வீட்டு இஞ்சினியர்" என்றார்.

நான் அப்போது நாலாம் வகுப்பு. இந்த இஞ்சினியர் வேலைக்கு முன்பே எனக்கு வீட்டில் இன்னொரு உத்தியோகமும் இருந்தது. அப்பாவும் அம்மாவும் நேரே பேசிக்கொள்வது குறைந்துகொண்டு வந்தது. "கொப்பரைச் சாப்பிடச் சொல்லு" என்பார் அம்மா, அப்பாவைக் குறித்து. இரண்டடி தள்ளிக் கதிரையில் இருக்கும் அப்பா, "பேந்து சாப்பிடுறன் எண்டு கொம்மாட்டச் சொல்லு" என்பார். நான் இரண்டு பக்கமும் திரும்பித் திரும்பிச் சொல்லுவேன். என்னைவிட்டால் இந்த வீடு ஓடாது என்று எனக்குப் பெரிய நினைப்பு.

நவம்பர் மாதம் நடுவில் அம்மா ரொறன்ரோவுக்குப் புறப்பட்டார். பெரியம்மாவுக்கு முதுகில் ஒப்பரேஷன், கிட்ட இருந்து பார்க்க ஆளில்லை என்று எனக்குச் சொல்லப்பட்டது. பெரியம்மாவுக்கு வளர்ந்த பெண்கள் இரண்டு பேர் இருந்தது எனக்குத் தெரியும். ஆனாலும் அதைப்பற்றி எனக்கு ஒரு சந்தேகமும் எழவில்லை.

அம்மா புறப்பட்ட அதே நேரத்தில் எண்ணெய் வண்டியும் வந்து வாசலில் நின்றது. தாங்கி நிரம்பும்போது காற்றுக் குழாயில் ஒரு விசில் சத்தம் கேட்கும். சத்தம் நின்றால் தாங்கி நிறைந்துவிட்டது என்று அர்த்தம். அப்பா அதைக் கேட்டுக்கொண்டு நிலவறையில் நின்றார். அம்மாவை பஸ் நிலையத்துக்குக் கூட்டிப்போக வந்த தெரிந்தவரின் கார் வண்டிக்குப் பின்னால் உறுமிக்கொண்டிருந்தது. நான் அம்மாவின் கோட்டைப் பிடித்துக்கொண்டு, எப்ப வருவீங்கள் என்று கேட்டேன். புறப்படுகிறவர்களிடம் அப்படிக் கேட்கக் கூடாது என்று எனக்குச் சொல்லித் தந்ததே அம்மாதான். அன்றைக்கு ஏசவில்லை. பாம்புபோல் பனியில் கிடந்த எண்ணெய்க் குழாயைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"உந்த எண்ணெய் முடியிறதுக்குள்ள வந்திடுவன்" என்றார்.

எனக்கு அது போதும். ஏனென்றால் அம்மா எதையும் அடியோடு முடியவிடுகிற ஆள் இல்லை. அரிசி வாளியின் அடியில் ஒரு பிடி அரிசி கிடக்கும்போதே மேலே புது அரிசியைக் கொட்டிவிடுவார். உப்புப் போத்தலும் அப்படித்தான், விளக்கு எண்ணெயும் அப்படித்தான். வெறும் வாளியை யாரும் எங்கள் வீட்டில் கண்டதில்லை. அப்படிப்பட்ட அம்மா தாங்கி காலியாகும்வரை வராமல் இருப்பாரா? கார் போனது. விசில் நின்றது. அப்பா மேலே வந்து, "வெளிக்கிட்டாவோ?" என்று என்னிடம் கேட்டார்.

அன்று பின்னேரமே மணிக்கூட்டைப் பன்னிரண்டில் வைத்து, பழைய கோடுகளைத் துணியால் துடைத்துவிட்டுக் கணக்கைத் தொடங்கினோம்.

அப்பாவுக்கு மதியத்துக்குப் பிந்திய வேலை. நான் பள்ளிக்கூடத்தால் வரும்போது அவர் போயிருப்பார். அவர் வரும்போது நான் தூங்கியிருப்பேன். கழுத்தில் சாவி, அடுப்பில் மூடிவைத்த சோறும் பருப்பும், மேசையில் ஒரு வாழைப்பழம். வந்ததும் கோட்டைக் கழற்றாமலே நிலவறைக்கு இறங்கி மணிக்கூட்டைப் பார்ப்பேன். பிறகு மேலே வந்து, குசினித் தரையில் சூடு வருகிற இரும்புக் கம்பித் துவாரத்துக்குப் பக்கத்தில் சப்பாணி கட்டி உட்கார்ந்து வீட்டுப்பாடம் செய்வேன். கீழே கிளிக் என்று ஒரு சத்தம். பிறகு ஒரு உறுமல். பிறகு துவாரத்தால் சுடுகாற்று வந்து என் சட்டையை ஊதிப் பெருப்பிக்கும். அது எரியும்வரை வீட்டில் இன்னொருவர் இருப்பதுபோல் இருக்கும். நின்றதும் வீடு அப்படியே வெறிச்சோடிப்போகும். குளிர்சாதனப் பெட்டியின் முனகலும் என் மூச்சும் மட்டும் கேட்கும். வெளியே நாலரைக்கே இருட்டிவிடும். எனக்கு அழுகை வரும். அழுதால் யாருக்குக் கேட்கும் என்று நிறுத்திவிடுவேன்.

ஆறு மணிக்கு மேல்மாடிக் கிரேக்கப் பெண்மணி வீடு கூட்டுகிற தன் தும்புத்தடியால் தரையில் இரண்டு தரம் தட்டுவார். நான் எங்கள் தும்புத்தடியால் கூரையில் இரண்டு தரம் தட்டவேண்டும். சுகமாக இருக்கிறேன் என்று பொருள். அப்பா செய்துவைத்த ஏற்பாடு. அந்தப் பெண்மணிக்குத் தமிழ் தெரியாது, எனக்குக் கிரேக்கம் தெரியாது, அவருடைய பிரெஞ்சைவிட என்னுடையது மேல். ஆகவே தும்புத்தடியே போதுமாயிருந்தது. சில நாட்களில் ஆறு மணி எப்போது வரும் என்று தடியைக் கையில் பிடித்துக்கொண்டே நிற்பேன்.

கணக்கு மெதுவாகப் போனது. அதுதான் என் பிரச்சினை. இரண்டு மூன்று நாளைக்கு ஒரு கோடுதான் விழுந்தது. நான் விரல்விட்டு எண்ணிப் பார்த்தேன். இந்த வேகத்தில் போனால் எண்ணெய் தீர தைப்பொங்கல் ஆகிவிடும். தைப்பொங்கல் என்பது அப்போது எனக்கு அடுத்த பிறவிமாதிரி. அம்மா கிழமைக்கு ஒருமுறை தொலைபேசியில் பேசுவார். சாப்பிட்டியா, தலை வாரி இழுத்தியா என்று கேட்பார். அப்பா பக்கத்தில் நின்றாலும், கொப்பர் எப்பிடி இருக்கிறார் எண்டு என்னிடம் கேட்பார். நான் அப்பாவின் முகத்தைப் பார்த்து, நல்லா இருக்கிறார் என்பேன்.

ஒருநாள் பின்னேரம் எனக்கு அந்த யோசனை வந்தது. நடைவழிச் சுவரில் வீட்டுச் சூட்டைக் கூட்டிக் குறைக்க ஒரு வட்டக் குமிழ் இருந்தது. அதில் கைவைக்கக் கூடாது என்று எனக்கு யாரும் சொன்னதில்லை. அது எனக்கு எட்டாது என்று நினைத்திருந்தார்கள். கதிரையை இழுத்துப்போட்டு ஏறி, குமிழைத் திருப்பக்கூடிய மட்டும் திருப்பினேன். கீழே கிளிக். உறுமல். ஓடிப்போய்ப் பார்த்தால் மணிக்கூட்டின் பெரிய முள் விறுவிறு என்று போய்க்கொண்டிருந்தது. அது வழக்கம்போலத்தான் போயிருக்கும். எனக்கு விறுவிறு என்று தெரிந்தது. நெருப்பு நிற்கவே இல்லை. என் அம்மாவை நானே கிட்டக் கிட்ட இழுத்துக்கொண்டிருந்தேன்.

அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் யாழ்ப்பாணத்துச் சித்திரை வெயில். வெளியே மூக்கு விறைக்கும் டிசம்பர். உள்ளே நான் கையில்லாத சட்டையோடு, நெற்றி வியர்க்க வியர்க்க, வாய்ப்பாடு சொல்லிக்கொண்டிருப்பேன். அம்மா வைத்துவிட்டுப்போன துளசிச் செடி வாடிவிட்டது. படுக்கப் போகுமுன் குமிழைப் பழையபடி இறக்கிவிடுவேன். அது ஒளிப்பதற்காக அல்ல, வியர்வையில் தூக்கம் வராது என்பதால். நாளுக்கொரு கோடு விழுந்தது. சில நாளில் ஒன்றுக்கும் கூட.

அப்பா முதலில் தன் மணிக்கூட்டைத்தான் சந்தேகப்பட்டார். லீவு நாளில் காலையிலேயே திருப்புளியோடு நிலவறைக்கு இறங்கி, வயர்களைக் கழற்றிப் பூட்டினார். கைக்கடிகாரத்தை வைத்து ஒப்பிட்டுப் பார்த்தார். ஒரு பிழையும் இல்லை. பிறகு அந்தப் பொய்சொல்லும் முள்ளைக் கழற்றிவிட்டு, அந்த ஓட்டைக்குள்ளே ஒரு நீளக் கம்பை விட்டு எடுத்தார். கம்பில் எண்ணெய் நனைந்திருந்த இடத்தையும் சோக்குக் கோடுகளையும் மாறிமாறிப் பார்த்தார். மணிக்கூடு சொன்ன அதே அளவு. அவருடைய முகம் முதலில் மலர்ந்தது. தான் கட்டிய மணிக்கூடு உண்மை பேசுகிறது என்ற சந்தோஷம். அப்படியானால் இவ்வளவு எண்ணெய் எங்கே போகிறது என்ற கேள்வி அதற்குப் பிறகுதான் அவருக்கு வந்தது.

மேலே வந்தவர் என்னைப் பார்த்தார். கையில்லாத சட்டை. கையில் விசிறியாகப் பிடித்த கொப்பி. நடைவழியில் கதிரை.

"பிள்ளை, குமிழைக் கூட்டினனியே?"

"ஓம்" என்றேன். ஒளிக்க எனக்கு ஒரு காரணமும் இருக்கவில்லை. இன்னும் சொன்னால் யாராவது கேட்கமாட்டார்களா என்று காத்துக்கொண்டிருந்தேன். அப்பாவைக் கையில் பிடித்துக் கீழே கூட்டிப்போய், தாங்கிக்கு முன்னால் நின்று முழுக் கணக்கையும் சொன்னேன். இத்தனை கோடு போயிற்று, இத்தனை மிச்சம், ஒரு நாளைக்கு ஒரு கோடு என்றால் கிறிஸ்மஸுக்குக் கிட்ட எண்ணெய் முடியும், எண்ணெய் முடியிறதுக்குள்ள அம்மா வந்திடுவா.

அப்பா கடைசிவரை கேட்டார். பிறகு, "கொம்மா அப்பிடியோ சொன்னவ?" என்றார்.

"ஓம். வண்டி வந்த அண்டைக்கு."

ஏசப் போகிறார் என்று நினைத்தேன். அவர் சோக்கை எடுத்து, "இஞ்ச பார், இதில மிச்சத்தைக் கூட்ட மறந்திட்டாய்" என்று என் கணக்கில் ஒரு பிழையைத் திருத்தினார். பிறகு மேலே போனார். குமிழ் பக்கத்தால் நடந்துபோனார். அதைத் தொடவில்லை.

நான் அதை அனுமதி என்று எடுத்துக்கொண்டேன்.

அடுத்த நாட்களில் எனக்கு ஒரே ஒரு பயம்தான் இருந்தது: அப்பா எண்ணெய் வண்டிக்குச் சொல்லிவிடுவாரோ என்று. வண்டி வந்து நிரப்பினால் அம்மாவின் நாள் தள்ளிப்போய்விடும். இருபது கோடு வந்தால் வண்டிக்குச் சொல்வது என்று முன்பு அவரே முடிவுசெய்து வைத்திருந்தார். கோடு இருபது வந்தது. கிறிஸ்மஸ் விடுமுறைக்குப் பள்ளிக்கூடமும் மூடியிருந்தது. அப்பா காலையில் தொலைபேசிக்குக் கிட்டப் போகும்போதெல்லாம் நானும் பின்னால் போய் நிற்பேன். அவர் அதை எடுத்து, கொஞ்சம் யோசித்து, திரும்ப வைத்துவிட்டுத் தேத்தண்ணி போடப் போவார். எல்லாவற்றையும் அளந்து பார்க்கிற மனிதர் இதை மட்டும் மறந்துவிட்டார் என்று நான் கும்பிட்டுக்கொண்டேன்.

என் கணக்கில் இன்னும் இரண்டு கோடு மிச்சம் இருந்தபோது ஃபர்னஸ் நின்றது. காலை நேரம், அப்பா வீட்டில் இருந்தார். கிளிக் கேட்டது, உறுமல் கேட்கவில்லை. எனக்குக் கோபம் வந்தது. என் கணக்கு பிழையாகிவிட்டதே. அப்பா கீழே போய் ஒரு சிவப்புப் பொத்தானை ஒரே ஒரு தரம் அமத்திப் பார்த்துவிட்டு வந்தார்.

"அடியில கொஞ்சம் எப்பவும் நிக்கும் பிள்ளை. அதை ஃபர்னஸால எடுக்கேலாது."

போன குளிர்காலத்திலேயே அவருக்கு அது தெரியும் என்பது பல வருஷம் கழித்துத்தான் எனக்கு உறைத்தது. அன்று அவர் செய்த அடுத்த காரியம்தான் எனக்குப் பெரிதாக இருந்தது. தொலைபேசியை எடுத்து, என்னிடம் தராமல், தானே ரொறன்ரோவுக்குப் பேசினார். அவ்வளவு காலத்துக்குப் பிறகு எனக்கு அங்கே வேலை இல்லாமல் போயிற்று.

"எண்ணெய் முடிஞ்சுபோச்சு" என்றார். பிறகு, "பிள்ளைக்குக் குளிருது" என்றார். பிறகு நெடுநேரம் கேட்டுக்கொண்டிருந்தார்.

எனக்குக் குளிரவே இல்லை. வீட்டில் இன்னும் சூடு மிச்சம் இருந்தது. ஆனால் நான் வாயைத் திறக்கவில்லை.

விடுமுறைக் காலம் என்பதால் வண்டி வர இரண்டு நாள் ஆகும் என்றார்கள். மேல்மாடிப் பெண்மணி ஒரு சின்ன மின்சார ஹீற்றரைக் கொண்டுவந்து தந்து, அப்பாவைப் பார்த்துக் கிரேக்கத்தில் ஏதோ சொல்லித் தலையிலடித்துக்கொண்டார். அப்பா அன்று வேலைக்குப் போகவில்லை. பகல் பஸ் எடுத்து அன்று பின்னேரமே அம்மா வந்துவிட்டார். கோட்டோடு நேரே குசினிக்குப் போய், முதல் வேலையாக அரிசி வாளியைத் திறந்து பார்த்தார். வாளி வெறும் வாளி. நானும் அப்பாவும் சின்னச் சின்னப் பைகளாக வாங்கி நேரே பானையில் போட்டுக்கொண்டிருந்தோம். அம்மா மூடியைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே நின்றார்.

அன்றைய பின்னேரத்தை நான் இன்றும் பத்திரமாக வைத்திருக்கிறேன். அம்மா மின்சார அடுப்பின் கீழ்க்கதவைத் திறந்து சூட்டைக் கொளுத்திவிட்டார். அதற்கு முன்னால் மூன்று கதிரைகள். நான் நடுவில். இடியப்பம் அவித்து, சுடச்சுட மடியில் தட்டை வைத்துச் சாப்பிட்டோம். அப்பாவும் அம்மாவும் என் தலைக்கு மேலாக நேரடியாகக் கதைத்தார்கள். "இன்னும் கொஞ்சம் போடட்டோ" என்று அம்மா கேட்டார், "காணும்" என்று அப்பா சொன்னார். அந்த இரண்டு வார்த்தையும் என்னிடம் வராமல் போய்ச் சேர்ந்தன. ஆறு மணிக்கு மேலே தும்புத்தடி தட்டியது. நான் பதிலுக்கு மூன்று தரம் தட்டினேன், நாங்கள் மூன்று பேர் என்று. நான் சொன்ன கணக்கு சரிவந்துவிட்டது என்று எனக்குள் ஒரே புளகாங்கிதம்.

எண்ணெய் வண்டி வந்தது. விசில் ஊதி நின்றது. வீடு சூடாகியது. அப்பாவும் அம்மாவும் அறைக்குள் இருந்து பல மணிநேரம் கதைத்தார்கள். ஏசல் இல்லை, அழுகை இல்லை. பள்ளிக்கூடம் தொடங்க முன்னம் அம்மா என்னுடைய உடுப்புகளை ஒரு பெட்டியில் அடுக்கினார். பிள்ளை இப்படித் தனிய இருக்கேலாது, கொஞ்ச நாளைக்கு ரொறன்ரோவில் படிக்கட்டும் என்று எனக்குச் சொல்லப்பட்டது. போகுமுன் அம்மா ஒரு பெரிய மூட்டை அரிசி வாங்கிவந்து வாளியை விளிம்புவரை நிரப்பினார். ஒரு ஆளுக்கு அது எத்தனையோ மாதத்துக்குக் காணும். வாளி நிறைந்திருப்பதைப் பார்த்து, நாங்கள் சீக்கிரம் திரும்பி வருவோம் என்று நான் நினைத்துக்கொண்டேன்.

"எப்ப திரும்பி வருவம்?" என்று அம்மாவிடம் கேட்டேன்.

"பாப்பம்" என்றார். இந்தத் தடவை எண்ணெயைப்பற்றி ஒன்றும் சொல்லவில்லை.

பஸ் நிலையத்தில் அப்பா என் தொப்பியைக் காதுவரை இழுத்துவிட்டு, "கணக்கை மறந்திடாதை" என்றார். பஸ் வெளிக்கிடும்வரை கண்ணாடிக்கு வெளியே கையைக் கோட்டுப்பைக்குள் விட்டபடி நின்றார். நான் சந்தோஷமாகக் கைகாட்டினேன். அம்மா பக்கத்தில் இருந்தாரே, எனக்கென்ன குறை. அதற்குப் பிறகு நாங்கள் மூன்று பேரும் ஒரு வீட்டில் இருக்கப்போவதில்லை என்று கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்றவருக்குத் தெரிந்திருக்கலாம்.

ரொறன்ரோவில் பெரியம்மாவின் வீடு பதினோராம் மாடியில். அங்கே சூடு எங்கிருந்து வருகிறது என்று யாருக்கும் தெரியாது, யாரும் கேட்பதும் இல்லை. கிளிக் இல்லை, உறுமல் இல்லை, மேலே தட்ட ஆளில்லை. புதுப் பள்ளிக்கூடத்தில் எல்லாம் ஆங்கிலம். என்னுடைய பிரெஞ்சு அங்கே யாருக்கும் தேவைப்படவில்லை.

ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா எடுப்பார். அவருக்குச் சொல்ல அதிகம் இருக்காது. மேல்மாடி மனுசி இப்பவும் ஆறு மணிக்குத் தட்டுறா, லீவு நாளில நான் திருப்பித் தட்டுறன் என்று ஒருமுறை சொல்லிச் சிரித்தார். பிறகு கணக்குக்கு வருவார். "இந்தக் கிழமை அஞ்சு கோடு, மேல மூண்டு மணித்தியாலம். எத்தினை லீற்றர் எண்டு பாத்துச் சொல்லு." நான் யன்னல் பக்கம் திரும்பி நின்று பிரெஞ்சில் பெருக்கி, தமிழில் விடை சொல்லுவேன். "அச்சாப் பிள்ளை" என்பார். அப்பாவுக்குப் பெருக்கல் கொஞ்சம் கஷ்டம்போல, நான்தான் உதவி செய்கிறேன் என்று பெரியம்மாவின் பெண்களிடம் பெருமையடித்திருக்கிறேன்.

கிழமைகள் போகப்போகக் கோடுகள் குறைந்தன. ஐந்து நாலானது. நாலு மூன்றானது. பெப்ரவரியில் ஒரு ஞாயிறு அப்பா, "ஒண்டரை" என்றார். எனக்கு நம்பமுடியவில்லை. திரும்பக் கேட்டேன். ஒண்டரைதான். கிழமை முழுக்க ஐம்பத்துநாலு லீற்றர். என்னோடு இருந்தபோது இரண்டு நாளைக்குப் போதாத எண்ணெயை அப்பா ஏழு நாளைக்கு இழுத்திருக்கிறார். கெட்டிக்காரர். இந்தக் கணக்கில் போனால் தாங்கி பனி கரையும்வரை நிற்கும்.

அம்மா குசினியில் கறிக்கு லீக்ஸ் வெட்டிக்கொண்டிருந்தார். நான் தொலைபேசியைக் கையில் பிடித்தபடியே ஓடிப்போய் அந்த வெற்றியைச் சொன்னேன். அம்மாவின் கத்தி நின்றது.

"மொன்றியல்ல குளிர் குறைஞ்சிட்டுதாமோ?"

"இல்லையம்மா. மூக்கு விறைக்குதாம் எண்டு அப்பா இப்பதான் சொன்னவர்."

அம்மா கையைத் துடைத்தார். தொலைபேசியை என் கையிலிருந்து வாங்கினார். ரொறன்ரோவுக்கு வந்தபிறகு அம்மா அப்படி வாங்கியது அதுதான் முதல்தடவை. ஆனால் வாங்கிக் காதில் வைத்தவர் ஒன்றும் பேசவில்லை. அந்தப் பக்கமும் ஒன்றும் பேசவில்லைப்போல. இரண்டு பேரும் எதைக் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள் என்று எனக்கு விளங்கவில்லை. கடைசியில் அம்மா சுவர்ப் பக்கம் திரும்பி, தாழ்ந்த குரலில், "குமிழைக் கூட்டுங்கோ" என்றார். கொஞ்சம் விட்டு இன்னொரு தரம், "கூட்டுங்கோ, என்ன" என்றார். பிறகு என்னிடம் தராமலே வைத்துவிட்டார்.

எனக்கு ஆத்திரமாக வந்தது. அப்பா எவ்வளவு பாடுபட்டு எண்ணெயை மிச்சம் பிடித்திருக்கிறார். குமிழைக் கூட்டினால் எல்லாம் கெதியாக முடிந்துபோய்விடாதா? பாவம், அம்மாவுக்குக் கணக்கு வராது என்று நினைத்துக்கொண்டு, யன்னலடிக்குப் போய் அடுத்த ஞாயிற்றுக்காக வாய்ப்பாட்டைச் சொல்லிப் பார்த்தேன்.